பெயரா, தலையெழுத்தா?

ஜெயமங்கலத்துக் கடைத்தெருவிலே நின்று, "கருப்பையா!" என்று ஓங்கிக் குரல் கொடுத்துப் பாருங்கள். ஒருவர் அல்லர், பலர் திரும்பிப் பார்ப்பர். "மாயாண்டி!" என்று அழைத்தால் வேறு சிலர். "பேச்சியம்மா!" என்றால், தலையில் புல்லுக்கட்டோடு போகும் மூதாட்டியும் நிற்பாள், பள்ளிக்கூடம் விட்டு வரும் சிறுமியும் நிற்பாள். "என்ன சேதி?" என்று கேட்பர்.

சேதி இருக்கிறது. அந்தப் பெயர்களிலேயே இருக்கிறது. ஆயிரம் ஆண்டுச் சேதி, ஈராயிரம் ஆண்டுச் சேதி!

பெயர்தானே, கூப்பிடுவதற்கு ஏதோ ஒன்று என்று எண்ணுவோர் உண்டு. நாம் அப்படி எண்ணவில்லை. பிறந்த குழந்தை பேசத் தெரியாது கிடக்கும்போது, அதன் சம்மதம் கேளாமல், ஊரும் உறவும் கூடி அதன்மேல் முதன்முதலாக ஏற்றும் பொருள் பெயர். ஆடை கிழிந்தால் மாற்றலாம். வீடு இடிந்தால் கட்டலாம். பெயரோ சுடுகாடு வரை உடன் வருகிறது. அதற்குப் பிறகும், பேரப்பிள்ளையின் மேல் ஏறி மறுபடி நடக்கிறது. மகனின் மகனைப் 'பேரன்' என்கிறோமே, ஏன்? அவன் 'பெயரன்', பாட்டனின் பெயரைத் தாங்க வந்தவன். ஓர் உறவுக்கே பெயரைக் கொண்டு பெயர் வைத்த இனம் நம்முடையது. மாமனாரின் பெயரை மருமகள் வாயால் சொல்லலாகாது என்று வழக்கம் வைத்து, அந்தப் பெயரையே அவள் பெற்ற பிள்ளைக்கு இட்டு, தன் பிள்ளையைத் தானே பெயர் சொல்லி அழைக்க முடியாமல் "ஐயா" என்று அவளைக் கூப்பிட வைத்த விந்தையும் நம்முடையதே!

ஊரின் பெயரிலிருந்தே தொடங்குவோம். ஜெயமங்கலம். பெரியகுளத்தை அடுத்த, வராக நதி பாயும் வளமான நிலப்பகுதி. 1996-இல் மதுரை மாவட்டத்திலிருந்து தேனி மாவட்டம் பிரிந்தபோது அதனோடு சேர்ந்த ஊர். 'ஜெயம்' வடசொல், வெற்றி என்பது பொருள். அதன் முதலெழுத்தே தமிழ் நெடுங்கணக்கில் இல்லாத கிரந்த எழுத்து. 'மங்கலம்' என்ற ஈறோ, பாண்டிய நாட்டிலும் சோழ நாட்டிலும் மன்னர்கள் வேதியர்க்கு வழங்கிய ஊர்கள் பலவற்றுக்கு அமைந்த ஈறு. சதுர்வேதிமங்கலங்களின் நீண்ட பட்டியலைக் கல்வெட்டுகளில் காண்கிறோம். பக்கத்திலேயே மேல்மங்கலம். மண்ணை உழுதவன் தமிழன்; மண்ணுக்குப் பெயர் மட்டும் வேறு மொழியில்! ஊர்ப்பெயருக்கே இப்படி ஒரு வரலாறு உண்டென்றால், ஆட்பெயருக்கு இல்லாமற் போகுமா?

பழைய தமிழன் எப்படிப் பெயர் வைத்துக்கொண்டான்? இதற்கு விடை தேடிக் காசிக்குப் போக வேண்டியதில்லை. தேனி மாவட்டத்துக்குள்ளேயே, வைகைக் கரையிலேயே இருக்கிறது விடை. ஆண்டிபட்டி வட்டத்தில் புலிமான்கோம்பை என்றோர் ஊர். 2006-இல் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஆய்வாளர்கள் அங்கே மூன்று நடுகற்களைக் கண்டனர். கல்லிலே இருப்பது தமிழ்ப் பிராமி எழுத்து. கிறித்து பிறப்பதற்கு முற்பட்டவை அவை. இந்திய நாட்டில் கிடைத்த எழுத்துடைய நடுகற்களில் மிகப் பழமையானவற்றுள் வைத்து எண்ணப்படுபவை.

அந்தக் கற்களில் என்ன இருக்கிறது? அரசனின் மெய்க்கீர்த்தியா? ஆண்டவனின் துதியா? இல்லை. பெயர் இருக்கிறது! கூடலூரில் ஆநிரை கவர்ந்த பூசலிலே மாண்ட வீரன் ஒருவன் பெயர்: பேடு தீயன் அந்துவன். வேறொரு கல்லில், வேளூர் அவ்வன் பதவன். பேடு என்பதும் வேளூர் என்பதும் ஊர்; அந்துவனும் பதவனும் ஆட்கள். ஊர் முன்னே, ஆள் பின்னே. இடையிலே அவன் எவரைச் சேர்ந்தவன் என்று காட்டும் ஒரு சொல். கம்பம் பள்ளத்தாக்கில் இன்றும் கூடலூர் என்றோர் ஊர் இருக்கிறது. இன்று தேனி மாவட்டத்துப் பிள்ளையொருவன் ஊரின் முதலெழுத்தையும் தந்தையின் முதலெழுத்தையும் முன்னே இட்டுத் தன் பெயரைப் பின்னே எழுதுகிறானே, அவன் வெள்ளைக்காரனைப் பார்த்து எழுதுகிறான் என்று எண்ணாதீர்கள். எழுத்தைச் சுருக்கியது மட்டுமே பிற்கால வழக்கம். முறை, புலிமான்கோம்பைக் கல்லின் முறை!

கல்லோடு நிற்கவில்லை. சங்கப் புலவர்களின் பெயர்களைப் பாருங்கள். மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார் — ஊர், தந்தை, தன் பெயர். உறையூர் ஏணிச்சேரி முடமோசியார் — ஊரோடு சேரியும் உண்டு. மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார் — துணி விற்றவர். கூலவாணிகன் சாத்தனார் — தானியம் விற்றவர். தங்கால் பொற்கொல்லன் வெண்ணாகனார் — பொன்னை உருக்கியவர். துணிக்கடைக்காரரும் கூலக்கடைக்காரரும் தட்டாரும் தத்தம் தொழிலைப் பெயரின் நடுவே வைத்துக்கொண்டு, அதே பெயரோடு புலவர் வரிசையிலும் அமர்ந்தனர். தொழில் அங்கே அறிமுகம், அவமானமன்று. தன் பாட்டில் வந்த உவமையே பெயராகி நின்ற செம்புலப் பெயல்நீராரும், காக்கையைப் பாடியதால் காக்கைபாடினி ஆன நச்செள்ளையாரும் அந்த வரிசையிலே உண்டு. செய்த செயலால் பெயர் வந்தது. கீழடி மண்ணைத் தோண்டியபோது கிடைத்த பானை ஓடுகளிலும் ஆதன், குவிரன் என்று மக்களின் பெயர்கள். வீட்டுப் பானையிலே பெயர் கீறும் அளவுக்கு எழுத்தும் இருந்தது, பெயரைப் பற்றிய பெருமிதமும் இருந்தது!

பிறகு என்ன நேர்ந்தது?

அரசு பெருத்தது, பட்டம் பிறந்தது. சோழ மன்னர்கள் தமக்கு உழைத்த அதிகாரிகளுக்கு மூவேந்தவேளான் என்றும் பிரமராயன் என்றும் பட்டங்களை அளித்தனர். முதலாம் இராசராசனின் படைத்தலைவன் கிருஷ்ணன் ராமன், மும்முடிச்சோழ பிரமராயன் எனப்பட்டான். அரசன் தந்தது ஒருவனின் பணிக்கு. 'முதலி' என்றால் முதன்மையானவன். 'நாயக்கர்' என்றால் தலைவர். 'ராவுத்தர்' என்றால் குதிரை வீரர். யாவும் பதவியைச் சுட்டும் சொற்கள். பதவி போனால் சொல்லும் போயிருக்க வேண்டும். போகவில்லை! குதிரை செத்தது, சேணம் மக்கியது, படையே கலைந்தது. பட்டம் மட்டும் தந்தை வழியே மகனுக்கு வந்தது, மகன் வழியே பேரனுக்கு வந்தது. ஒருவன் செய்ததற்குக் கிடைத்த பெயர், மற்றவன் பிறந்ததற்குக் கிடைக்கும் பெயராக மாறியது. பட்டம் வாலாயிற்று. வால் சாதியாயிற்று.

அதே இராசராசனின் தஞ்சைப் பெரியகோயில் கல்வெட்டிலே நானூறு பெண்களின் பெயர்கள் உள்ளன. பல ஊர்க் கோயில்களிலிருந்து கொண்டுவந்து தளிச்சேரியிலே குடியேற்றப்பட்ட பெண்கள். எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தாள், எந்தச் சிறகில் எத்தனையாம் வீட்டில் இருக்கிறாள் என்பதெல்லாம் கணக்காகக் குறிக்கப்பட்டிருக்கிறது. பெயர்களின் முன்னே 'நக்கன்' என்ற சொல். நக்கன் சிவனின் பெயர். பிறந்த வீட்டைச் சுட்ட வேண்டிய இடத்திலே ஆண்டவனின் பெயர்! பெயரின் முன்னே நிற்கும் ஒரு சொல், 'இவள் யாருடையவள்' என்று பறைசாற்றும் ஓலையாகவும் அமையக்கூடும் என்பதற்கு இதைவிடச் சான்று எதற்கு?

மேலே இருந்தவனுக்குப் பட்டம் நீண்டது. கீழே தள்ளப்பட்டவனுக்குப் பெயரே குறுகியது. அறுபது வயது முதியவரை ஆறு வயதுச் சிறுவன் "டேய் கருப்பா" என்று அழைத்த தெருக்களை நாடு கண்டிருக்கிறது. 'ஆர்' என்ற ஓர் ஈறு. அதைச் சேர்த்தால் மரியாதை, 'அன்' என்று முடித்தால் அடிமை! மூப்பைப் பார்க்கவில்லை, முயற்சியைப் பார்க்கவில்லை; பிறந்த தெருவைப் பார்த்து ஈற்றைத் தீர்மானித்தார்கள்.

ஆனால் நாம் ஒன்றை நேர்மையோடு சொல்ல வேண்டும். குப்பன், பிச்சை என்ற பெயர்கள் எல்லாமே இகழ்ச்சியால் வந்தவை அல்ல. அடுத்தடுத்துப் பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய், பிறந்த பிள்ளையைக் குப்பை மேட்டிலே கிடத்தி எடுத்து, "இது எனக்கு வேண்டாத குப்பை, சாவே, நீ இதை விரும்பாதே" என்று எமனை ஏமாற்ற வைத்த பெயர் குப்பன். மருத்துவமனை இல்லாத ஊரிலே, மருந்தறியாத தாய்க்குக் கிடைத்த ஒரே மருந்து பெயர்! அது மூடநம்பிக்கைதான். ஆயினும் அதன் உள்ளே துடிப்பது தாயன்பு. ஆகவே குப்பன் என்ற பெயரைக் கேட்டுச் சிரிப்பவரைப் பார்த்து நாம் சிரிக்கமாட்டோம், வருந்துவோம். அந்தத் தாய்க்கு மருத்துவம் எட்டாதபடி வைத்திருந்த சமுதாயத்தைப் பார்த்தல்லவா நாணம் கொள்ள வேண்டும்?

நம் நெஞ்சைச் சுடும் பெயர் வேறொன்று இருக்கிறது. தேனி, மதுரை வட்டாரங்களிலே பள்ளிக்கூட வருகைப் பதிவேட்டைப் புரட்டியவர்கள் அறிவார்கள். "போதும்பொண்ணு!" என்று ஆசிரியர் அழைப்பார், "உள்ளேன் ஐயா" என்று ஒரு சிறுமி எழுந்து நிற்பாள். போதும் பெண்! நீ வந்தது போதும், இனி ஒருத்தி வர வேண்டாம் என்ற தீர்ப்பைத் தன் வாயாலேயே நாள்தோறும் ஏற்றுக்கொண்டு நிற்கிறாள். வட மாவட்டங்களிலே 'வேண்டாம்' என்றே பெயர் பெற்ற பெண்களும் உண்டு. மகன் பிறக்க வேண்டும் என்ற வேண்டுதலுக்கு மகளின் பெயரே காணிக்கை! குப்பன் என்று பெயரிட்ட தாய், பிள்ளை தங்க வேண்டும் என்று பெயரிட்டாள். போதும்பொண்ணு என்று பெயரிட்டவர்கள், பிள்ளை வந்ததற்காக நொந்து பெயரிட்டார்கள். பெண் சிசுக்கள் மாய்க்கப்படுவதைத் தடுக்க 1992-இல் தொட்டில் குழந்தைத் திட்டம் சேலத்திலே தொடங்கி, பின்னர்த் தேனி மாவட்டத்துக்கும் நீட்டப்பட்டதை நினைவிற் கொள்ளுங்கள். தொட்டில் ஏன் வைக்க நேர்ந்தது என்பதற்கு விளக்கம், வருகைப் பதிவேட்டிலேயே எழுதியிருக்கிறது!

பெயரே குற்றமாகவும் இருந்த காலம் ஒன்று உண்டு. 1911-ஆம் ஆண்டின் குற்றப் பரம்பரைச் சட்டம் மதுரை மாவட்டத்துப் பிறமலைக் கள்ளர்மீது பாய்ந்தபோது, திருடியவன் பெயர் மட்டும் காவல் நிலையப் பதிவேட்டில் ஏறவில்லை; பிறந்தவன் பெயரும் ஏறியது. கைரேகை வைத்தான், இரவிலே காவலர் பார்வையில் படுத்தான். அதை எதிர்த்து 1920 ஏப்ரல் 3-ஆம் நாள் பெருங்காமநல்லூரில் எழுந்து நின்றவர்கள்மீது துப்பாக்கி வெடித்தது. மாண்டவர் 16 பேர். அவர்களுள் மாயக்காள் என்ற பெண்ணும் ஒருத்தி. சென்னை மாகாணத்தில் 1947-இல் அந்தச் சட்டம் ஒழிந்தது. காவலர் பதிவேடுகள் மக்கிப் போயின. மாயக்காளின் பெயரை மட்டும் மக்கள் மறக்கவில்லை.

பெயரிலே ஏறிய அழுக்கைக் கழுவ முடியுமா? முடியும் என்று காட்டியது இருபதாம் நூற்றாண்டுத் தமிழகம். சூரியநாராயண சாஸ்திரி பரிதிமாற் கலைஞர் ஆனார். 1916-இல் வேதாசலம் மறைமலை ஆனார். இவர்கள் மொழியைக் கழுவினார்கள். சாதியைக் கழுவும் வேலை அடுத்து வந்தது. 1927-ஆம் ஆண்டு முடிவதற்குள் 'குடிஅரசு' ஏட்டில் ஈ. வெ. இராமசாமியின் பெயருக்குப் பின்னிருந்த 'நாயக்கர்' மறைந்தது. 1929 பிப்ரவரி 17, 18 நாட்களில், டபிள்யூ. பி. ஏ. சௌந்தரபாண்டியன் தலைமையில் செங்கற்பட்டில் கூடிய முதல் சுயமரியாதை மாகாண மாநாடு, சாதிப் பட்டங்களைப் பெயரிலிருந்து விட்டொழிக்கும்படி மக்களைக் கேட்டுக்கொண்டது. வாலை வெட்டியவர்க்கு மக்கள் வேறொரு பெயர் தந்தனர். 1938 நவம்பர் 13-இல் சென்னையில் நடந்த பெண்கள் மாநாடு, அவரைப் 'பெரியார்' என்று அழைத்தது. அந்த மாநாட்டுக்குத் தலைமை தாங்கியவர் மறைமலையடிகளின் மகள் நீலாம்பிகை அம்மையார்! தந்தை தம் பெயரை மாற்றினார். மகள் தலைமையில் பெண்கள் ஒரு தலைவருக்குப் பெயர் சூட்டினர். நாராயணசாமி நெடுஞ்செழியன் ஆனார். இராமையா அன்பழகன் ஆனார். ஊருக்கு ஊர் திண்ணைகளில் தமிழரசியும் இளங்கோவும் தவழத் தொடங்கினர்.

இதன் பயனை உலகத்தோடு ஒப்பிட்டால்தான் அருமை விளங்கும். இங்கிலாந்திலே தொழிற்பெயர் குடும்பப்பெயராகிக் கெட்டிப்பட்டது. 'சுமித்' என்றால் கொல்லன். 'தாட்சர்' என்றால் கூரை வேய்பவன். ஆனால் அங்கே கூரை வேய்பவனின் பெயரைத் தாங்கிய மார்கரெட் தாட்சர் 1979 முதல் 1990 வரை தலைமையமைச்சராக இருந்தார். எவரும் அவரைக் கூரை வேயப் போகச் சொல்லவில்லை! துருக்கியிலே 1934-இல் சட்டம் போட்டு மக்கள் அனைவரையும் குடும்பப்பெயர் வைக்கச் செய்தனர். பழைய பட்டங்களை ஒழித்தனர். அமெரிக்காவிலே மால்கம், அடிமை வைத்திருந்தவன் தன் முன்னோர்மீது ஏற்றிய பெயர் எனக்கெதற்கு என்று அதை உதறி, 'எக்ஸ்' என்ற ஒற்றை எழுத்தைப் போட்டுக்கொண்டார். ஐசுலாந்திலே இன்றும் பெரும்பாலோர்க்குக் குடும்பப்பெயர் கிடையாது. தந்தை பெயரோடு 'மகன்', 'மகள்' என்று சேர்ப்பதே வழக்கம். நக்கீரனார் கேட்டால் மகிழ்வார்! கரும்புத் தோட்டத்துக்குக் கப்பலேறிப் போன தமிழரின் கதையோ வேறு. மொரீசியசிலும் தென்னாப்பிரிக்காவிலும் பதிவு எழுத்தரின் பேனா எப்படிச் சாய்ந்ததோ அப்படியே முத்துசாமியும் வீராசாமியும் குடும்பப்பெயராக உறைந்துவிட்டன.

தமிழகத்திலோ சட்டம் போடவில்லை, தண்டனை விதிக்கவில்லை. பேசினார்கள், எழுதினார்கள், மக்கள் தாமாகவே வாலை விட்டனர். இந்தியாவின் பிற பகுதிகளிலே ஒருவரின் பெயரைக் கேட்டவுடன் அவர் பிறந்த சாதி காதில் விழுகிறது. இங்கே தலைப்பெழுத்தும் பெயரும் மட்டுமே விழுகின்றன. தலையெழுத்தைத் தலைப்பெழுத்தாக மாற்றிய நாடு இது!

கம்பம் பள்ளத்தாக்கு இன்னும் ஒரு படி மேலே போயிற்று. 1895-இல் முல்லைப் பெரியாற்று அணையைக் கட்டி முடித்து, மேற்கே ஓடிய நீரைக் கிழக்கே திருப்பினார் பென்னிகுக் என்ற ஆங்கிலப் பொறியாளர். லோயர் கேம்ப்பில் 2013 சனவரி 15-இல் அவருக்கு மணிமண்டபம் திறக்கப்பட்டது. அரசின் மண்டபத்துக்கு நெடுங்காலம் முன்பே, உழவர்கள் வேறொரு மண்டபம் கட்டிவிட்டார்கள். தம் பிள்ளைகளுக்குப் பென்னிகுக் என்று பெயரிட்டார்கள்! நாக்கிலே நுழையாத பெயர். தமிழ் இலக்கணத்துக்கு ஒட்டாத பெயர். ஆயினும் வயலிலே நெல் விளைகிறதே, அதற்கு நன்றி எப்படிச் சொல்வது? அவர் எந்தச் சாதி என்று இந்தப் பள்ளத்தாக்கு கேட்கவில்லை. எந்த மதம் என்று கேட்கவில்லை. காக்கையைப் பாடியவளைக் காக்கைபாடினி என்றழைத்த அதே உள்ளம், நீரைக் கொணர்ந்தவனின் பெயரைப் பேரனுக்கு இட்டது. செயலுக்குப் பெயர் தந்த பழைய தமிழ்முறை, ஆங்கிலப் பெயரிலே உயிர்பெற்றது!

வேலை முடிந்துவிட்டதா? இல்லை. தெருப்பெயர்களிலிருந்து சாதியை நீக்க 1978-இல் அரசு முனைந்தது. தெருப் பலகையிலே அழிந்தது, திருமணச் சுவரொட்டியிலே திரும்பி வருகிறது. தாத்தா வெட்டிய வாலைப் பேரன் தேடி எடுத்து ஒட்டுகிறான். வெட்டுவதற்குத் தாத்தாவுக்கு வீரம் வேண்டியிருந்தது. ஒட்டுவதற்குப் பேரனுக்குப் பசை மட்டும் போதுமாயிருக்கிறது! எண்கணிதக்காரனுக்குப் பணம் கொடுத்து, பொருளே இல்லாத ஒலிகளைக் கோத்துக் குழந்தைக்குச் சூட்டுவோர் பெருகுகின்றனர். "என்ன பொருள்?" என்று கேட்டால் விழிக்கின்றனர். குப்பனுக்காவது பொருள் இருந்தது. தாயின் கண்ணீர் இருந்தது.

தலைப்பெழுத்தையும் தமிழிலேயே எழுத வேண்டுமென்று 2021 டிசம்பரில் தமிழக அரசு ஆணையிட்டது. நன்று. அந்த எழுத்து யாருடையது என்ற கேள்வியையும் சேர்த்துக் கேட்போமே! பத்து மாதம் சுமந்தவளின் எழுத்து எங்கே? தந்தை, தாய் இருவர் எழுத்தையும் இடத் தொடங்கியிருக்கும் குடும்பங்களை நாம் பாராட்டுகிறோம். வழக்கத்துக்கு மாறல்லவா என்பார்க்கு நம் விடை இதுதான்: சாதி வாலும் ஒரு காலத்தில் வழக்கமாகவே இருந்தது.

ஜெயமங்கலத்திலே இன்றிரவு ஒரு பெண் குழந்தை பிறக்கக்கூடும். நாளை அதன் பெயரை ஒருவர் பதிவேட்டிலே எழுதுவார். பேனா காகிதத்தைத் தொடுமுன் ஒரு நொடி நிற்கட்டும். பக்கத்து வைகைக் கரையிலே, பேரரசு எதுவும் புலவன் எவனும் போற்றாத ஒரு சிற்றூர் வீரனின் பெயரைக் கல்லில் வெட்டிக் காத்த மக்களின் வழிவந்தவர்கள் நாம். அவன் பெயரை ஈராயிரம் ஆண்டுக்கு மேல் வாழவைத்த மண்ணிலே, பிறந்த மகளுக்குப் 'போதும்' என்று பெயர் எழுதலாமா?

அவளுக்கு ஒரு நல்ல பெயர் எழுதுங்கள். அவள் திரும்பிப் பார்க்கும்போதெல்லாம் தலைநிமிர்ந்து பார்க்கட்டும்.